ஏறி ஆடும் பேக்குகளுக்கு ஒரு திறந்த மடல்

அன்புள்ள லெஃப்ட் பேக், ரைட் பேக் தம்பி தங்கைகளே,

உங்களில் முக்கால்வாசிப் பேர் இந்த இடத்தைக் கேட்டு வாங்கியவர்களாக இருக்க மாட்டீர்கள். மைதானத்துக்குப் போன முதல் நாள் ‘ஃபார்வர்டு’ என்றுதான் சொல்லியிருப்பீர்கள். பி.டி. மாஸ்டர் கொஞ்ச நாள் பார்த்துவிட்டு, “நீ பேக்ல நில்லுப்பா” என்று கையை நீட்டியிருப்பார். வியாசர்பாடியோ தூத்தூரோ, எந்த மைதானத்திலும் பேக்குகள் பெரும்பாலும் இப்படித்தான் உருவாகிறார்கள். இங்கிலாந்திலும் இதே கதைதான். லிவர்பூலின் முன்னாள் ஆட்டக்காரர் ஜேமி கராகர், சின்ன வயதில் யாருமே கேரி நெவிலாக ஆசைப்படுவதில்லை என்று தொலைக்காட்சியில் நெவிலைப் பக்கத்தில் வைத்துக்கொண்டே கிண்டலடித்தார். நெவில் மான்செஸ்டர் யுனைடெடின் ரைட் பேக்காகவே காலம் கழித்தவர். கராகரும் பின்களத்துக்காரர்தான் என்பதால் கிண்டலில் பாதி அவருக்கே போய்ச் சேர்ந்தது.

இப்போது காற்று கொஞ்சம் திசை மாறியிருக்கிறது. ஹகிமி கோல் அடிக்கிறார், திமார்கோ இடது காலால் தூரத்திலிருந்து வெடிக்கிறார். அரை நிமிடக் க்ளிப்பாக அதெல்லாம் உங்கள் போனுக்கு வந்துவிடுகிறது. அதைப் பார்த்துவிட்டு ஒரு புது வகை பேக் கிளம்பியிருப்பதை மைதானங்களில் பார்க்கிறேன். பந்து கிடைத்தாலும் கிடைக்காவிட்டாலும் ஏறிவிடுகிறார்; க்ராஸ் கோலுக்குப் பின்னால் போய் விழுகிறது; தலையில் கை வைத்துக்கொண்டு நடந்து திரும்புகிறார். அதற்குள் அவர் விட்டுவந்த இடத்தில் எதிரணி விங்கர் தனியாக ஓடிக்கொண்டிருப்பார். கோலி தொண்டை கிழியக் கத்துவார். இந்த மடல் முக்கியமாக அந்தப் புது வகைக்காரர்களுக்கு. ஏறவே பயந்து கோட்டோரம் நிற்பவர்களும் படிக்கலாம், அவர்களுக்கும் ஓரிரண்டு சங்கதிகள் இருக்கின்றன.

உங்களுக்கு அறிமுகப்படுத்த நினைப்பவர் ஜாச்சின்தோ ஃபாக்கெட்டி. அவர் ஆடிய காலத்தில் க்ளிப் கிடையாது. பெரும்பாலான கோல்கள் மங்கிய கருப்பு வெள்ளைப் படச்சுருளில் கிடக்கின்றன. ஆனாலும் நீங்கள் இன்று ஓவர்லேப் என்ற பேரில் செய்வதை ஐரோப்பாவில் ஒரு தொழிலாகவே நிலைநாட்டியவர்களில் அவர் முதல் வரிசைக்காரர்.

வட இத்தாலியில் பெர்கமோ மாகாணத்து ஊர் ட்ரெவிலியோ. 1942-ல் அங்கே பிறந்தார். உள்ளூர் அணியான ட்ரெவிலியேசேயில் அவர் ஆடியது எந்த இடத்தில் தெரியுமா? ஃபார்வர்டு. தடகளத்திலும் ஓடிய பையன், நல்ல உயரம், நீளமான கால்கள். மிலான் நகரத்து இன்டர் அவரை எடுத்துக்கொண்டது. அங்கே பயிற்சியாளராக இருந்தவர் ஹெலேனியோ ஹெரேரா. அர்ஜென்டினாவில் பிறந்து, காசாபிளாங்காவில் வளர்ந்து, பிரான்ஸில் பின்கள ஆட்டக்காரராக ஆடி, பார்சிலோனாவுக்குப் பயிற்சி கொடுத்துவிட்டு 1960-ல் இன்டருக்கு வந்தவர். புதுப் பையனின் பெயரே அவர் வாயில் சரியாக நுழையவில்லை. ‘ச்சிபெல்லெட்டி’ என்று எதையோ சொல்லிவைக்க, கூட ஆடியவர்கள் அதைச் சுருக்கி ‘ச்சிபே’ ஆக்கிவிட்டார்கள். கடைசிவரை அந்தப் பட்டப்பெயர் போகவில்லை.

பெயரைத் தவறாகச் சொன்ன மனிதர் காலைச் சரியாகப் பார்த்தார். ஃபார்வர்டை லெஃப்ட் பேக்காக்கினார். 1961 மே 21 அன்று ரோமா அணிக்கு எதிராக அவரைக் களமிறக்கியபோது பையனுக்கு வயது 18. இதில் நீங்கள் கவனிக்க வேண்டிய விஷயம் ஒன்று உண்டு: ஃபாக்கெட்டிக்கு இயல்பான கால் வலது. வலது கால்காரனை இடது பக்கம் நிறுத்தினால் கோட்டோரம் ஓடிக் க்ராஸ் போடுவதோடு அவன் நிற்க மாட்டான். உள்ளே வெட்டித் திரும்பி கோலை நோக்கி அடிப்பான். இன்று விங்கர்களை இப்படி மாற்றிப் போடுவதைப் பெரிய நுட்பமாகப் பேசுகிறோம். அன்று அது ஒரு பேக்குக்கு அமைந்தது.

ஆகவே, பின்னால் நிறுத்தப்பட்டதைத் தண்டனையாக நினைப்பவர்களுக்கு முதல் சங்கதி இதுதான். ஃபார்வர்டாக நீங்கள் கற்ற எதையும் மாஸ்டர் பிடுங்கிக்கொள்ளவில்லை. அதைக் கொண்டுவர நாற்பது மீட்டர் கூடுதலாக ஓட வேண்டியிருக்கிறது, அவ்வளவுதான். அந்த நாற்பது மீட்டரில் ஒரு லாபமும் உண்டு. ஃபார்வர்டை எதிரணி பேக் முதல் நிமிடத்திலிருந்தே ஒட்டிக்கொண்டு நிற்பான். பின்னாலிருந்து ஓடி வருபவனை யார் பிடிப்பது என்பது அந்த நொடியில்தான் முடிவாக வேண்டும். 1960-களின் விங்கர்கள் பேக்கைத் துரத்திக்கொண்டு பின்னால் ஓடுவதைத் தங்கள் வேலையாகவே நினைத்ததில்லை. ஃபாக்கெட்டி புறப்பட்டால், அவரைப் பார்த்துக்கொள்ள வேண்டிய ஆள் இடுப்பில் கை வைத்துக்கொண்டு பின்னால் நின்றிருப்பார்.

இனிதான் விஷயத்துக்கு வருகிறேன். கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

ஃபாக்கெட்டி ஏறி ஆடிய அந்த இன்டர், உலகக் கால்பந்தில் தாக்குதலுக்குப் பெயர் போன அணி கிடையாது. நேரெதிர். கத்தெனாச்சோ என்று உலகமே வைத அடைப்பு ஆட்டத்தின் தலைமைப்பீடம் அது. ஆளுக்கு ஆள் மார்க்கிங், அதற்குப் பின்னால் யாரையும் மார்க் செய்யாமல் தனியாக நிற்கும் ஒரு லிபரோ. ஒரு கோல் அடித்துவிட்டால் கடையைச் சாத்திவிடுவார்கள் என்று பத்திரிகைகள் திட்டின. அப்படிப்பட்ட அணியிலிருந்து எப்படி ஒரு பேக், சீரி ஆவில் 59 கோல் அடித்தார்? 1965–66 பருவத்தில் மட்டும் 10 லீக் கோல்கள். பின்களத்துக்காரர்களில் அந்தச் சாதனையை முறியடிக்க 2000–01 வரை, பெருஜாவுக்காக மார்கோ மாதரேட்ஸி 12 அடிக்கும்வரை, யாராலும் முடியவில்லை.

விடை ஃபாக்கெட்டியின் கால்களில் பாதிதான் இருக்கிறது. மீதிப் பாதிக்கு அவரைச் சுற்றி நின்றவர்களைப் பார்க்க வேண்டும்.

அவருக்கு முன்னால், இடது விங்கில், மாரியோ கோர்சோ. அற்புதமான இடது கால், ஆனால் ஓடுவதில் அவ்வளவு ஆர்வம் இல்லாத மனிதர். கோட்டோரம் நிற்காமல் உள்ளே உள்ளே நகர்ந்துவிடுவார். அவரை மார்க் செய்யும் ரைட் பேக்கும் கூடவே உள்ளே போவான். இடது பக்கக் கோடு முழுக்கக் காலியாகும். ஃபாக்கெட்டிக்கு ஓடுபாதை தயார். எதிர்ப்புறம், ரைட் பேக்கில், தார்சிசியோ புர்ஞ்ஞிச். பாறை மாதிரி மார்க்கர். அவர் ஏற மாட்டார். ஃபாக்கெட்டி போன நேரத்தில் மற்றவர்கள் பக்கவாட்டில் நகர்ந்து நெருங்கி நிற்பார்கள். இவர்கள் எல்லோருக்கும் பின்னால் கேப்டன் அர்மாந்தோ பிக்கி. அவரும் ஒரு காலத்தில் ரைட் பேக்தான். ஹெரேரா அவரை லிபரோவாக்கினார். ஊருக்குப் போகிறவர்கள் பக்கத்து வீட்டில் சாவியைக் கொடுத்துவிட்டுப் போவதுபோல், ஃபாக்கெட்டி தன் இடத்தைப் பிக்கியிடம் கொடுத்துவிட்டுப் போனார். பிக்கி இன்டருக்காக அடித்த கோல்களைத் தேடினால் ஏமாந்து போவீர்கள். ஃபாக்கெட்டி அடித்த கோல்களின் பக்கத்தில் அவர் பெயரையும் போட வேண்டும் என்று ஒரு விதி இருந்தால்தான் கணக்கு நேராகும்.

என் பேச்சில் நம்பிக்கை இல்லையென்றால் ஒரு எதிர்ச்சான்று தருகிறேன். இதே ஃபாக்கெட்டி இத்தாலி தேசிய அணிக்காக 94 ஆட்டங்கள் ஆடினார். அந்தக் காலத்தில் அது இத்தாலியச் சாதனை. அதில் 70 ஆட்டங்களில் அவரே கேப்டன். எத்தனை கோல்? 3. அதே கால்கள், அதே வேகம். ஆனால் தேசிய அணியில் பிக்கிக்குக் கிடைத்தது 12 ஆட்டங்கள் மட்டுமே. கோர்சோவும் நிரந்தர ஆள் இல்லை. போகப்போக இடது பக்கம் ஜிஜி ரீவா என்ற பெரும் கோல் வேட்டைக்காரர் வந்து நின்றார். ரீவாவுக்கு வேண்டியதும் அதே இடதுபக்க வெற்றிடம்தான். பாதையில் ஏற்கெனவே ஆள் இருந்தால், பின்னாலிருந்து ஓடி என்ன பயன்? அந்த மூன்றுக்கு நான் காண்கிற காரணம் இது. திறமை குறைந்துபோனது என்று யாராவது சொன்னால் ஒப்புக்கொள்ள மாட்டேன்.

ஏறி நன்றாக ஆடிய ஒரு நாளையும் சொல்ல வேண்டும், இல்லையென்றால் மடல் முழுக்கக் கண்டிப்பாகவே போய்விடும்.

1965 மே மாதம், ஐரோப்பியக் கோப்பை அரையிறுதி. முதல் ஆட்டத்தில் ஆன்ஃபீல்டில் லிவர்பூல் 3–1 என்று இன்டரைத் துவைத்து அனுப்பியிருந்தது. மே 12 அன்று சான் சீரோவில் இரண்டாவது ஆட்டம். எட்டாவது நிமிடம் கோர்சோவின் ஃப்ரீ கிக் கோலானது. அடுத்த நிமிடமே, லிவர்பூல் கோலி லாரன்ஸ் பந்தைத் தரையில் தட்டிக்கொண்டிருந்தபோது பெய்ரோ காலால் கொத்தி எடுத்து உள்ளே தள்ளினார். லிவர்பூல்காரர்கள் அந்தக் கோலுக்காக நடுவரை இன்றும் மன்னிக்கவில்லை. இரண்டு கோல்களில் கணக்கு சமன், இன்னொன்று வேண்டும். முன்னால் நிற்பவர்கள் ஒவ்வொருவருக்கும் லிவர்பூல் ஆள் வைத்திருந்தது. 62-ஆம் நிமிடம் பின்களத்திலிருந்து பாய்ந்து வந்த ஃபாக்கெட்டி அடித்த ஷாட் வலையில் போய் விழுந்தது. 3–0. மொத்தத்தில் 4–3. அதே மைதானத்தில் நடந்த இறுதியாட்டத்தில் பென்ஃபிகாவை 1–0 என்று வென்று, முந்தைய ஆண்டு வியன்னாவில் ரியல் மாட்ரிட்டைத் தோற்கடித்துப் பெற்ற கோப்பையை இன்டர் தக்கவைத்துக்கொண்டது.

இங்கே ஒரு கணக்கைப் போட்டுப் பாருங்கள். ஒரு ஆட்டம் முழுக்க எத்தனை தடவை ஏறியிருப்பார், அத்தனை தடவையும் இறங்கியிருப்பார். அந்தக் காலத்து ஐரோப்பியக் கோப்பையில், களத்தில் ஆடுகிறவர் களைத்தால் மாற்று ஆள் கிடையாது. இறங்கிய பதினொருவரும் கடைசி விசில்வரை நிற்க வேண்டும். ஏறியது எல்லோருக்கும் தெரியும். இறங்கியதற்குக் கைதட்டல் இல்லை. அந்த ஆண்டு ஐரோப்பாவின் சிறந்த ஆட்டக்காரருக்கான தங்கப்பந்து வாக்கெடுப்பில் ஃபாக்கெட்டி இரண்டாவதாக வந்தார். முதலில் வந்தவர் எய்சேபியோ. 23 வயதுப் பின்களத்துக்காரர் ஒருவர் எய்சேபியோவுக்கு அடுத்து நின்றார் என்பது அன்று சாதாரண விஷயம் அல்ல.

சொல்லப்போனால் இந்த வித்தையை ஃபாக்கெட்டி தனியாகக் கண்டுபிடிக்கவும் இல்லை. 1958 உலகக் கோப்பையில் ஆஸ்திரியாவுக்கு எதிராக பிரேசில் லெஃப்ட் பேக் நில்டன் சான்டோஸ் பந்தோடு ஏறத் தொடங்கியதும், பயிற்சியாளர் ஃபியோலா வெளியிலிருந்து ‘திரும்பி வா, திரும்பி வா’ என்று கத்திக்கொண்டே இருந்தாராம். பந்து வலைக்குள் போனதும் அதே வாயால் சபாஷ் போட்டாராம். பிரேசிலில் சொல்லிச் சொல்லித் தேய்ந்த கதை இது. கத்தியது உண்மையோ இல்லையோ, கோல் உண்மை. உங்கள் மாஸ்டர் கத்தும்போதும் இதை நினைத்துக்கொள்ளலாம். ஆனால் பந்து வெளியே போனால் அவர் கத்துவதில் நியாயம் இருக்கிறது.

இப்போது கசப்பான பகுதி. நீங்கள் ஏறுவீர்கள் என்று தெரிந்துகொண்ட எதிரணி என்ன செய்யும்?

1967 மே 25, லிஸ்பன். ஐரோப்பியக் கோப்பை இறுதியாட்டம். இன்டருக்கு எதிரே ஸ்காட்லாந்தின் செல்டிக். ஏழாவது நிமிடத்தில் செல்டிக் ரைட் பேக் ஜிம் கிரெய்க் செய்த தப்பாட்டத்துக்குப் பெனால்டி, மட்ஸோலா கோலாக்கினார். வழக்கம்போல் இன்டர் கடையைச் சாத்தியது. ஆனால் செல்டிக்கின் இரண்டு பேக்குகளும் ஏறிக்கொண்டே இருந்தார்கள். பெனால்டி கொடுத்த அதே கிரெய்க் 63-ஆம் நிமிடம் பந்தை உருட்டிவிட, லெஃப்ட் பேக் டாமி கெம்மல் பாக்ஸுக்கு வெளியிலிருந்து அடித்த அடி வலையைக் கிழித்தது. 84-ஆவது நிமிடத்தில் செல்டிக்கின் வெற்றிக் கோலுக்கு வழி பண்ணியதும் கெம்மல்தான். ஃபாக்கெட்டி அன்று சொந்தப் பாதியிலேயே அடைபட்டுக் கிடந்தார். பேக்கை வைத்து ஐரோப்பாவை ஜெயித்த அணி, இரண்டு பேக்குகளால் தோற்றது. கிரெய்கைப் பற்றி ஒரு வார்த்தை: இறுதியாட்டத்தின் ஏழாவது நிமிடத்தில் பெனால்டி கொடுத்துவிட்டு, அதற்குப் பிறகும் ஏறுகிற மனசு இருக்கிறதே, அது உங்களில் எத்தனை பேருக்கு வரும்?

மூன்று ஆண்டுகள் கழித்து இன்னும் பெரிய மேடை. நடுவில் 1968-ல் ஃபாக்கெட்டி கேப்டனாக இத்தாலிக்கு, தேசிய அணிகளுக்கான ஐரோப்பியக் கோப்பையை வாங்கிக் கொடுத்தார். நேப்பிள்ஸில் சோவியத் அணியோடு நடந்த அரையிறுதி கூடுதல் நேரத்துக்குப் பிறகும் 0–0 என்று நிற்க, நாணயம் சுண்டித் தீர்ப்புச் சொன்னார்கள். கேப்டன் என்ற முறையில் நாணயத்துக்குப் பக்கம் சொன்னவர் அவர். பெனால்டி ஷூட் அவுட்டைச் சூதாட்டம் என்று புலம்புகிறவர்கள் இதையும் தெரிந்து வைத்துக்கொள்ளுங்கள்.

1970 ஜூன் 21, மெக்சிகோ நகரத்து ஆஸ்டெக்கா மைதானம். உலகக் கோப்பை இறுதி. இத்தாலியர்கள் நான்கு நாளைக்கு முன்புதான், கடல் மட்டத்துக்கு 2,200 மீட்டருக்கு மேலே, மேற்கு ஜெர்மனியோடு 120 நிமிடம் ஆடி 4–3 என்று பிழைத்து வந்திருந்தார்கள். கால்களில் மிச்சமில்லை. அது ஒருபுறம் இருக்கட்டும். பிரேசில் பயிற்சியாளர் சகாலோ ஒன்றைப் படித்து வைத்திருந்தார்: இத்தாலியர்கள் இடத்தைக் காக்க மாட்டார்கள், ஆளைக் காப்பார்கள். ஃபாக்கெட்டியின் ஆள் வலது விங்கர் ஜயர்சின்யோ. ஜயர்சின்யோ விங்கை விட்டு உள்ளே போனால் ஃபாக்கெட்டியும் கூடவே போவார். அப்போது அந்த ஓரம் யாருடையது? பிரேசில் ரைட் பேக்கும் கேப்டனுமான கார்லோஸ் அல்பெர்த்தோவுடையது. இதை முன்பே பேசி வைத்திருந்ததாக அவரே பின்னாளில் பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

86-ஆம் நிமிடம். பிரேசில் 3–1 என்று முன்னிலை. க்ளோடோவால்டோ வரிசையாக நான்கு இத்தாலியர்களை ஏமாற்றிவிட்டு ரிவெலினோவிடம் கொடுக்கிறார். ரிவெலினோ இடது ஓரமாக நீளமாக அனுப்புகிறார். அங்கே வாங்குபவர் வலது விங்கர் ஜயர்சின்யோ! அவருக்கு எதிரே, தன் வீட்டை விட்டு மைதானத்தின் மறுகோடிக்கு இழுத்து வரப்பட்ட ஃபாக்கெட்டி. ஜயர்சின்யோ உள்ளே வெட்டி பெலேவிடம் தள்ளுகிறார். பெலே திரும்பிக்கூடப் பார்க்காமல் வலது பக்கம் மெதுவாக உருட்டுகிறார். அங்கே ஈ காக்கை இல்லை. ஓடி வந்த வேகத்திலேயே கார்லோஸ் அல்பெர்த்தோ அடித்தார். உலகக் கோப்பை வரலாற்றில் ஒரு அணி சேர்ந்து அடித்த மிக அழகான கோல் என்று இன்றுவரை பேசுகிறார்கள்.

அதை அடித்தவர் ஒரு பேக் என்பது உங்களுக்குப் பெருமை. அது அடிக்கப்பட்ட இடம் இன்னொரு பேக், அதுவும் ஏறி ஆடுவதில் உலகத்துக்கே பேர் போன பேக், நிற்க வேண்டிய இடம். ஃபாக்கெட்டி அன்று சோம்பேறித்தனமாக எங்கேயும் நிற்கவில்லை. தனக்குச் சொன்ன வேலையைத்தான் கடைசிவரை செய்தார். ஆளைப் பிடி என்றார்கள், பிடித்தார். தவறு திட்டத்தில் இருந்தது. ஒரு பேக்குக்குத் தன் வேலை மட்டும் தெரிந்தால் போதாது. தன் இடம் இந்த நொடியில் யார் கையில் இருக்கிறது என்பதும் தெரிய வேண்டும். இது ஏறும்போது மட்டும் கேட்க வேண்டிய கேள்வி இல்லை; உள்ளே இழுக்கப்படும்போதும் கேட்க வேண்டும்.

இதெல்லாம் பழங்கதை என்று நினைத்தால் 2025 மே 31-க்கு வாருங்கள். மியூனிக்கில் சாம்பியன்ஸ் லீக் இறுதி. அரையிறுதியில் பார்சிலோனாவை இரண்டு ஆட்டங்களில் 7–6 என்று தாண்டி வந்த இன்டர். அந்தப் பாதையில் பேக்குகளின் திருவிழாவே நடந்தது: டும்ஃப்ரீஸ் பார்சிலோனாவில் இரண்டு கோல் அடித்தார், சான் சீரோவில் ஆட்டம் கைவிட்டுப் போன கடைசி நொடிகளில், அவர் போட்ட க்ராஸை 37 வயது ஸ்டாப்பர் அச்செர்பி, பழுத்த ஃபார்வர்டு மாதிரி வலைக்குள் அடித்தார். ஆனால் இறுதியாட்டத்தில் பாரிஸ் அணி 5–0 என்று நொறுக்கியது. பன்னிரண்டாவது நிமிடத்தில் முதல் கோலை அடித்தவர் யார் என்று பாருங்கள்: ரைட் பேக் ஹகிமி. முன்பு இன்டரில் ஆடிப் போனவர். கோலின் வாய்க்கே வந்து நின்று தள்ளிவிட்டு, கொண்டாடாமல் கை தூக்கி மன்னிப்புக் கேட்டார். அந்தப் பந்தை அவருக்குக் கொடுத்த தூவே ஆஃப்சைடு ஆகாமல் போனது, இன்டரின் இடது பக்கத்து திமார்கோ கோட்டை விட்டு மேலே வர ஒரு கணம் தாமதித்ததால்.

இன்டரின் கதையில் இன்னொரு வேடிக்கையும் உண்டு. 1995-ல் பிரேசிலிலிருந்து ஒரு லெஃப்ட் பேக்கை வாங்கினார்கள். இவர் தற்காப்புக்குச் சரிப்பட மாட்டார் என்று அன்றைய பயிற்சியாளர் ராய் ஹாட்ஜ்சன் அவரை முன்னால் தள்ளி ஆடவைத்தார். ஒரே பருவம். பையன் மூட்டை கட்டிக்கொண்டு ரியல் மாட்ரிட் போய், லெஃப்ட் பேக்காகவே ஆடி மூன்று சாம்பியன்ஸ் லீக் கோப்பைகளும் ஓர் உலகக் கோப்பையும் வாங்கிவிட்டார். ராபர்ட்டோ கார்லோஸ். ஃபார்வர்டைப் பேக்காக்கி வரலாறு படைத்த கிளப், பேக்கை ஃபார்வர்டாக்கப் பார்த்துக் கோட்டைவிட்டது.

மறுபடி ஃபாக்கெட்டிக்கே வருகிறேன், ஏனென்றால் அவர் வாழ்க்கையின் பின்பாதியை யாரும் க்ளிப் போட மாட்டார்கள். முப்பது தாண்டியது, வேகம் குறைந்தது. அப்போது அவர் எங்கே போனார் தெரியுமா? லிபரோ இடத்துக்கு. கிளப்பிலும், பின்னர் தேசிய அணியிலும். பிக்கி நின்ற இடம். பிக்கி அதற்குள், 1971-ல், 35 வயதில் இறந்துவிட்டிருந்தார். ஏறிப் போகிற இளம் பேக்குகளுக்குப் பின்னால் நின்று, அவர்கள் விட்டுப் போன இடத்தைப் பார்த்துக்கொள்ளும் வேலையை ஃபாக்கெட்டி ஏற்றுக்கொண்டார். பதினைந்து ஆண்டுகள் ஏறிப் பழகிய ஒருவருக்கு, எப்போது எந்த மூலை காலியாகும் என்பதை யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

1977 நவம்பரில் வெம்ப்ளியில் இங்கிலாந்துக்கு எதிராக ஆடியதுதான் தேசிய அணியில் கடைசி. அடுத்த ஆண்டு அர்ஜென்டினா உலகக் கோப்பைக்கு உடம்பு ஒத்துழைக்கவில்லை. அந்தப் போட்டியில் இத்தாலியின் லெஃப்ட் பேக்காக இறங்கியது அந்தோனியோ கப்ரினி என்ற 20 வயது இளைஞர். அவரும் ஏறி ஆடுகிறவர். இன்டருக்காக மொத்தம் 634 ஆட்டம், 75 கோல் என்ற கணக்கோடு ஃபாக்கெட்டி 1978-ல் விடைபெற்றார். அவ்வளவு நீண்ட காலத்தில் சிவப்பு அட்டை வகையில் வெளியேற்றப்பட்டது ஒரே ஒரு தடவை. அதுவும் யாரையும் உதைத்ததற்காக அல்ல, நடுவரைப் பார்த்துக் கேலியாகக் கைதட்டியதற்காக. மனிதருக்குக் கோபமே வராது என்று நினைக்க வேண்டாம் என்பதற்காகச் சொன்னேன். 2004-ல் கிளப்பின் தலைவரானார். 2006 செப்டம்பரில் புற்றுநோயால் இறந்தபோது, அவருடைய 3-ஆம் எண் சட்டையை இனி யாருக்கும் கொடுப்பதில்லை என்று இன்டர் முடிவுசெய்தது. அவர் தலைவராக இருந்த கடைசிக் கோடையில் வாங்கப்பட்டவர்களில் ஒருவர் மைகோன் என்ற ரைட் பேக். 2010-ல் மூன்று கோப்பைகளையும் ஒரே பருவத்தில் வென்ற இன்டரில் வலது பக்கத்தைத் தாங்கியவர்.

ஒரு வீட்டுப்பாடம் கொடுத்துவிட்டு முடிக்கிறேன். 1970 கோலின் க்ளிப்பைத் தேடுங்கள். எங்கும் கிடைக்கும். பெரும்பாலும் க்ளோடோவால்டோ ஆளை ஏமாற்றும் இடத்திலிருந்து வெட்டிப் போட்டிருப்பார்கள். அது வேண்டாம். அதற்கும் முன்னாலிருந்து ஓடும் நீளமான காட்சியாகப் பாருங்கள். முதல் தடவை பந்தைப் பார்க்காமல் 3-ஆம் எண் நீலச்சட்டையை மட்டும் பாருங்கள். இரண்டாவது தடவை, பந்து பிரேசிலின் கைக்கு எப்படி வந்தது என்று பாருங்கள். இத்தாலியரின் காலிலிருந்து அதைப் பிடுங்குபவர் தோஸ்தாவ். பிரேசிலின் ஃபார்வர்டு. 3–1 என்று ஜெயித்துக்கொண்டிருக்கும்போது, ஆட்டம் முடிய நான்கைந்து நிமிடம் இருக்கும்போது, தன் அணியின் லெஃப்ட் பேக் நிற்கும் இடம்வரை ஓடி இறங்கி வந்து பிடுங்குகிறார். அந்தப் பகுதியை மட்டும் தனியாக வெட்டி, நீங்கள் ஏறிப் போகும்போது இடுப்பில் கை வைத்துக்கொண்டு நிற்கிறாரே, அந்த உங்கள் ஃபார்வர்டுக்கு அனுப்பிவையுங்கள்.

அன்புடன்,
கோட்டுக்கு வெளியே நின்று பார்க்கும் உங்கள் அண்ணன்